மஞ்சளித்துப்போன அபீலியா: சத்துவாச்சாரியில் ஒரு சீரமைப்புப் பதிவு

சத்துவாச்சாரியில் என் அக்கா வீட்டின் முன்வாசலில் மூன்று அபீலியாச் செடிகள் இருந்தன. இரண்டு சிமெண்ட் தொட்டிகளில். ஒன்று சுற்றுச்சுவரை ஒட்டித் தரையில். பெங்களூரு நாற்றங்கால் ஒன்றிலிருந்து அவை வந்தபோது இலைகள் எண்ணெய் தடவியதுபோல் மினுங்கும் கரும்பச்சையில் இருந்தன. இரண்டாவது கோடை முடிவதற்குள் துளிர்கள் எல்லாம் வெளிறிய மஞ்சளாகிவிட்டன. கிளை நுனிகள் கருகின. பூப்பு அறவே நின்றுபோனது. வேலூர் வெயிலில் மலைநாட்டுச் செடி எப்படித் தாங்கும் என்பதே பார்த்தவர்கள் எல்லோரும் சொன்ன தீர்ப்பு. செடிகளை மீட்கும் வேலையை அக்கா என்னிடம் ஒப்படைத்தார். அந்த வேலை முடிந்து ஒரு பருவம் கடந்த நிலையில், வெயிலின் மேல் சுமத்தப்பட்ட அந்தக் குற்றத்தில் பெரும்பகுதி உண்மையில் ஆழ்துளைக் கிணற்று நீருக்கு உரியது என்பதே நான் வந்தடைந்த முடிவு. அந்த முடிவுக்கு எப்படி வந்தேன், எதைச் செய்தேன், எது பலித்தது என்பதை வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர்ப் பகுதிகளில் இச்செடியை வளர்க்க விரும்புவோருக்காக எழுதிவைக்கிறேன்.

செடியைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அபீலியா ஹனிசக்கிள் குடும்பத்தைச் சேர்ந்த அலங்காரப் புதர். வளைந்து தொங்கும் மெல்லிய கிளைகளும், எதிரெதிராக அமைந்த சிறு இலைகளும், ஏறத்தாழ 2 செ.மீ. நீளமுள்ள, வெண்மையில் இளஞ்சிவப்பு ஓடிய மணி வடிவப் பூக்களும் இதன் அடையாளம். தோட்டங்களில் பரவலாகக் காணப்படுவது சீனத்தைச் சேர்ந்த இரண்டு இனங்களின் கலப்பு. இத்தாலியின் மஜ்ஜோரே ஏரிக்கரையிலுள்ள பல்லான்சாவில், ரொவெல்லி நாற்றங்காலில் 1886-இல் அது முதலில் உருவானது. பேரினத்தின் பெயர் கிளார்க் ஏபெல் என்ற ஆங்கில மருத்துவருடையது. ஆம்ஹர்ஸ்ட் பிரபுவின் தூதுக்குழுவோடு 1816-இல் சீனத்துக்குச் சென்ற அவர் திரட்டிய செடிகளிலும் விதைகளிலும் பெரும்பகுதி, திரும்பும் வழியில் 1817-இல் கப்பல் பாறையில் மோதியபோது அழிந்தது. முன்கூட்டியே நண்பரிடம் கொடுத்துவைத்திருந்த சில மாதிரிகள் மட்டும் தப்பின. பின்னர் ஆம்ஹர்ஸ்ட் இந்தியாவின் தலைமை ஆளுநரானபோது அவருடைய மருத்துவராக இங்கே வந்த ஏபெல், 1826-இல் கான்பூரில் இறந்தார். தாயினங்களுள் ஒன்றான சீன அபீலியா தென்சீனத்தின் வெப்பமான பகுதிகளிலும் வளர்வது என்பதால், வெயிலைக் கண்டதும் சுருண்டுவிடும் செடியல்ல இது என்ற நம்பிக்கையோடுதான் வேலையைத் தொடங்கினேன்.

முதல் வேலை இலைகளைக் கூர்ந்து பார்ப்பது. மஞ்சள் நிறம் செடி முழுவதும் ஒரே சீராக இல்லை. கிளையின் அடிப்பகுதியிலிருந்த முதிர்ந்த இலைகள் ஓரளவு பச்சையாகவே இருந்தன. நுனிக்குச் செல்லச் செல்ல மஞ்சள் கூடியது. மஞ்சளித்த இலையை வெயிலுக்கு எதிரே பிடித்துப் பார்த்தால் நரம்புகள் மட்டும் மெல்லிய பச்சைக் கோடுகளாகத் தெரிந்தன. தழைச்சத்துக் குறைந்தால் மஞ்சள் அடியிலைகளில் தொடங்கும். மக்னீசியம் குறைந்தாலும் முதிர்ந்த இலைகளே முதலில் பாதிக்கப்படும். இளந்தளிரில் தொடங்கி நரம்பை மட்டும் விட்டுவைக்கும் மஞ்சள் பெரும்பாலும் இரும்புச்சத்துக் குறைவையே காட்டும். ஏனெனில், இலைக்குள் ஒருமுறை சேர்ந்த இரும்பைச் செடியால் பழைய இலையிலிருந்து எடுத்துப் புதிய இலைக்குக் கொடுக்க முடியாது. தெருவில் பல வீடுகளுக்குத் தோட்ட வேலை செய்பவர் ஒருவர், "ஒரு புடி யூரியா போட்டா பச்சையாயிடும் சார்" என்று சொன்னார். அன்போடு சொல்லப்பட்ட யோசனைதான். ஆனால், இரும்புக்கு ஏங்கும் செடியை யூரியா கொடுத்து மேலும் துளிர்க்கச் செய்தால் அந்தத் துளிர்களும் மஞ்சளாகத்தான் வரும்.

நோயை ஐயமறத் தெரிந்துகொள்ள ஒரு சிறு சோதனை போதும். அன்னபேதி எனப்படும் இரும்பு சல்பேட் 5 கிராம், சிட்ரிக் அமிலம் 1 கிராம் ஆகியவற்றை ஒரு லிட்டர் மழைநீரில் கரைத்து, மஞ்சளித்த சில இலைகளில் நடுநரம்புக்கு இடப்புறம் மட்டும் மாலையில் தூரிகையால் பூசினேன். ஒரு வாரத்தில் பூசிய பாதி பச்சையாகவும் பூசாத பாதி மஞ்சளாகவும் நின்றது. பூசும்போது கைதவறி வலப்புறம் தெறித்த துளிகளின் இடத்தில்கூட, துளி விழுந்த அளவுக்குச் சரியாகப் பச்சைப் புள்ளிகள் தோன்றியிருந்தன. இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. இக்கரைசல் தரையில் சிந்தினால் துருக்கறை படியும்; அது எளிதில் போகாது என்பதால் செடிக்கடியில் பழைய சாக்கை விரித்துக்கொள்வது நல்லது.

அப்படியானால் மண்ணில் இரும்பே இல்லையா? நம் செம்மண்ணின் நிறமே இரும்பால் வந்ததுதான். இருக்கும் இரும்பை வேர் எடுக்க முடியாமல் போவதே சிக்கல். மண்ணின் பி.ஹெச். அளவு, அதாவது அமில-காரத் தன்மையைக் காட்டும் எண் (7 நடுநிலை, அதற்கு மேல் காரம்), 7-ஐத் தாண்டி மேலே போகப்போக இரும்பு கரையாத வடிவத்துக்கு மாறிவிடுகிறது. அபீலியா சற்றே அமிலத்தன்மையுள்ள மண்ணை விரும்பும் செடி. ஆகவே, மண்ணைக் காரமாக்குவது எது என்று தேட வேண்டியிருந்தது. குற்றவாளி ஒன்றல்ல, மூன்று.

முதலாவது, தண்ணீர். மீன்தொட்டிக் கடைகளில் கார்பனேட் கடினத்தன்மையை, அதாவது நீரின் காரத்தன்மையை அளக்கும் சிறு சொட்டு மருந்துப் புட்டி கிடைக்கிறது. 5 மி.லி. நீரில் ஒவ்வொரு சொட்டாக விட்டுக் குலுக்கி, நீலம் மஞ்சளாக மாறும்வரை எண்ண வேண்டும். ஒரு சொட்டு ஏறத்தாழ லிட்டருக்கு 18 மில்லிகிராம் காரத்தன்மையைக் குறிக்கும். அக்கா வீட்டு ஆழ்துளைக் கிணற்று நீருக்கு 20 சொட்டுகள் தேவைப்பட்டன. அதாவது லிட்டருக்கு 350 மில்லிகிராமுக்கும் மேல். குடிநீருக்கான இந்தியத் தர அளவு ஏற்கத்தக்கதாகச் சொல்வது 200. குழாயில் வரும் காவிரிக் கூட்டுக் குடிநீருக்கு அதில் பாதிச் சொட்டுகள்கூடத் தேவைப்படவில்லை. ஆனால், பாலாற்றங்கரையில் இருந்துகொண்டு மேட்டூரிலிருந்து வரும் குடிநீரைப் பூச்செடிக்கு ஊற்றுவது எனக்கு ஒப்பவில்லை. இதில் கவனிக்க வேண்டிய நுட்பம் ஒன்று உண்டு. நீரின் பி.ஹெச். எண்ணை மட்டும் பார்த்தால் 7.6 என்று சாதுவாகத்தான் காட்டும். மண்ணை மெல்ல மெல்லக் காரமாக்குவது அந்த எண்ணன்று, நீரில் கரைந்திருக்கும் பைகார்பனேட்டின் மொத்த அளவு. நாள்தோறும் ஊற்றும் நீரில் வரும் பைகார்பனேட், நீர் ஆவியானபின் தொட்டியிலேயே தங்கிச் சேர்ந்துகொண்டே போகிறது. தொட்டியின் விளிம்பில் படிந்திருந்த வெள்ளைப் பொருக்கின்மேல் ஒரு சொட்டு வினிகரை விட்டதும் அது நுரைத்துப் பொங்கியது. போதாக்குறைக்கு, ஆர்.ஓ. இயந்திரத்தின் கழிவுநீரை வீணாக்கக் கூடாது என்று செடிகளுக்குத் திருப்பிவிட்டிருந்தார்கள். வடிகட்டியில் தடுக்கப்பட்ட உப்புகள் எல்லாம் செறிந்திருக்கும் நீர் அது. தரை கழுவவும் கழிப்பறைக்கும் ஏற்றது, இந்தச் செடிக்கு ஆகாதது. இலை நுனிகள் கருகியதற்கு அதுவே முதன்மைக் காரணம் என்று கருதுகிறேன்.

இரண்டாவது, சிமெண்ட் தொட்டி. சிமெண்டிலிருந்து சுண்ணாம்பு கசிந்துகொண்டே இருக்கும்; தொட்டி புதியதாக இருந்தால் கசிவும் அதிகம். அரளிக்கும் காகிதப்பூவுக்கும் இது பொருட்டல்ல. அபீலியா, இட்லிப்பூ போன்றவற்றுக்கு இது மெல்லக் கொல்லும் நஞ்சு.

மூன்றாவது, நெல் ஆலைச் சாம்பல். ஆரணிப் பக்கத்து அரிசி ஆலைகளிலிருந்து வரும் உமிச்சாம்பலை மண்ணைப் பொலபொலப்பாக்கத் தொட்டிக் கலவையில் சேர்ப்பது எங்கள் பகுதியில் பழக்கம். வடிகாலுக்கு நல்லதுதான், ஆனால், சாம்பல் காரத்தன்மை கொண்டது. ஏற்கெனவே காரமான நீரும் சிமெண்டும் இருக்கும் இடத்தில் மூன்றாவதாக அதையும் சேர்ப்பது எந்த வகையிலும் பொருந்தாது.

வைகாசி வெயிலில் வேரைத் தொடுவது செடியைக் கொல்வதற்குச் சமம் என்பதால், மாற்று நடவை ஆடிக்குத் தள்ளிவைத்துவிட்டு அதுவரை தண்ணீரை மட்டும் சீர்செய்தேன். மளிகைக் கடையில் எலுமிச்சை உப்பு என்ற பெயரில் கிடைக்கும் சிட்ரிக் அமிலத்தை 10 லிட்டர் வாளி நீரில் சிறிது சிறிதாகக் கலக்கி, பி.ஹெச். தாளில் 6.5-க்கு அருகே வரும்வரை சேர்த்தால், எங்கள் நீருக்கு ஏறத்தாழ 4 கிராம் பிடித்தது. அது தலைதட்டிய ஒரு தேக்கரண்டி. சேர்த்தவுடன் வாளியின் பக்கங்களில் நுண்குமிழிகள் ஒட்டிக்கொள்ளும். பைகார்பனேட் கரியமில வாயுவாகப் பிரிந்து போவதன் அடையாளம் அது. ஒவ்வோர் ஊர் நீருக்கும் அளவு மாறும் என்பதால் என் தேக்கரண்டியை அப்படியே பின்பற்ற வேண்டாம். மேலும், இது நிரந்தரத் தீர்வும் அல்ல. மண்ணிலுள்ள நுண்ணுயிர்கள் சிட்ரேட்டைத் தின்று முடித்ததும் காரத்தன்மையில் ஒரு பகுதி திரும்பவும் தலைதூக்கும். கோடையைக் கடத்துவதற்கான தற்காலிக ஏற்பாடு என்ற அளவில் மட்டுமே இதைப் பரிந்துரைப்பேன்.

நிரந்தரத் தீர்வு மழைநீர்தான். 100 சதுர மீட்டர் மொட்டைமாடியில் 10 மி.மீ. மழை பெய்தாலே 1,000 லிட்டர் நீர் இறங்கும். அதில் பாதியைப் பிடித்தாலும் ஒரு தொட்டி நிறைந்துவிடும். மழைநீர் சேகரிப்பு 2003-இல் கட்டாயமாக்கப்பட்டபின் அமைத்த குழாய்கள் இந்த வீட்டிலும் உள்ளன. அவை நீரை நேரே தரைக்குள் அனுப்பிக்கொண்டிருந்தன. ஒரு குழாயில் மட்டும் கிளை பிரித்து 500 லிட்டர் பிளாஸ்டிக் தொட்டியில் விட்டோம். இங்கே எதிர்பாராத தடங்கல் ஒன்று வந்தது. முதல் மழையில் பிடித்த நீரைச் சோதித்தபோது, கிணற்று நீரைவிடக் காரமாக இருந்தது. வெப்பம் வீட்டுக்குள் இறங்காமலிருக்க ஒவ்வொரு பங்குனியிலும் மாடித் தளத்தில் சுண்ணாம்பு பூசுவது வழக்கம். முதல் மழை அதைக் கழுவிக்கொண்டு வந்திருக்கிறது. அதன்பின் முதல் இரண்டு மூன்று பெருமழைகளை வெளியே விட்டுவிட்டு, பி.ஹெச். தாள் சரியென்று காட்டிய பிறகே தொட்டியைத் திறந்தோம். மழையில்லாத நாள்களுக்கு ஏசி இயந்திரத்திலிருந்து சொட்டும் நீர் கைகொடுத்தது. ஏறத்தாழக் காய்ச்சி வடித்த நீருக்கு ஒப்பானது அது. வேலூர்க் கோடை இரவொன்றில் ஒரு வாளி சேர்ந்துவிடுகிறது. அதில் கிணற்று நீரைச் சரிபாதி கலந்து ஊற்றினாலே சொட்டு எண்ணிக்கை பாதியாகக் குறைகிறது.

ஆடிப் பெருக்கை ஒட்டி மாலை இடிமழைகள் தொடங்கியதும் இரண்டு சிமெண்ட் தொட்டிச் செடிகளையும் வெளியே எடுத்தேன். வேர்க்கட்டின் மேற்பாதி சுண்ணாம்புப் படிவால் சாம்பல் நிறத்தில் இறுகியிருந்தது. சுவரைத் தொட்டுக்கொண்டிருந்த வேர்கள் பழுப்பாக, உயிரற்று, இழுத்தால் தோல் மட்டும் கழன்று வந்தன. நடுப்பகுதியில்தான் வெள்ளையான ஊட்டவேர்கள் மிஞ்சியிருந்தன. மழைநீர் நிறைத்த பெரிய அண்டாவில் வேர்க்கட்டை ஊறவைத்து, பழைய மண்ணை விரலால் மெல்ல உதிர்த்து, சுற்றிச்சுற்றி வளர்ந்திருந்த வேர்களையும் செத்த வேர்களையும் கத்தரித்தேன். வேர் குறைந்த அளவுக்கு மேலே கிளைகளையும் மூன்றில் ஒரு பங்கு குறைத்தேன்.

புதிய கலவை செம்மண் 2 பங்கு, நன்கு மக்கிய இலை உரம் 2 பங்கு, தேங்காய் நார்க்கழிவு 1 பங்கு, கழுவிய பருமனான எம்-சாண்ட் 1 பங்கு. செம்மண்ணை வாங்குமுன் ஒரு பிடியில் வினிகரை ஊற்றிப் பார்த்தேன். பொங்கும் மண்ணில் சுக்காங்கல் (சுண்ணாம்புக்கல்) துகள்கள் கலந்திருக்கின்றன என்று பொருள், அது வேண்டாம். நார்க்கழிவில் இயல்பாகவே உப்பு மிகுதி என்பதால் பலமுறை நீரை மாற்றி ஊறவைத்துப் பிழிந்த பிறகே சேர்க்க வேண்டும். எம்-சாண்டில் மாவுபோன்ற தூசு நிறைய இருக்கும். கழுவாமல் போட்டால் வடிகால் துளைகளை அடைத்துவிடும். கலவையோடு தொட்டிக்கு 15 கிராம் நனையும் கந்தகத் தூளும் சேர்த்தேன். மண்ணிலுள்ள பாக்டீரியாக்கள் அதைக் கந்தக அமிலமாக மாற்ற சில வாரங்கள் முதல் சில மாதங்கள்வரை ஆகும். மண் சூடாகவும் ஈரமாகவும் இருந்தால் வேலை விரைவாக நடக்கும், அந்த வகையில் வேலூரின் வெப்பம் நமக்குத் துணைதான். சிமெண்ட் தொட்டிகளுக்குப் பதிலாக 14 அங்குல மண்தொட்டிகள். அவற்றின் சுவர் வழியாக நீர் கசிந்து ஆவியாவதால் வேர்ப்பகுதி குளிர்ச்சியாக இருக்கும். கூடுதலாக மேற்குப்பக்க வெயில் படும் தொட்டியைச் சுற்றிக் கோணிப்பை கட்டினோம். மேல்மண்ணை மூட வேர்க்கடலைத் தோலை இரண்டு அங்குலக் கனத்துக்குப் பரப்பினேன். குடியாத்தம் சாலையில் மூட்டையாகக் கிடைக்கிறது, விலையும் மலிவு.

நட்ட பிறகு இரும்பு. அன்னபேதியை மண்ணில் இடுவது காரநீர் உள்ள இடத்தில் பெரிதும் வீண். இளம்பச்சைப் படிகங்களைக் கிணற்று நீரில் கரைத்துச் சிறிது நேரம் வைத்தால் கண்ணெதிரே நீர் துருநிறமாகக் கலங்கிவிடும். செடி எடுப்பதற்குள் இரும்பு கைநழுவிப் போவதை வாளியிலேயே பார்க்கலாம். இரும்பைக் கரையும் நிலையிலேயே பிடித்துவைக்கும் சேர்மங்களும் உண்டு. அவற்றுள் உரக்கடைகளில் மலிவாகக் கிடைக்கும் இ.டி.டி.ஏ. வகை இரும்பு பி.ஹெச். 6.5-ஐத் தாண்டினால் நிலைக்காது. இ.டி.டி.ஹெச்.ஏ. என்ற வகை 9 வரை தாங்கும். விலை பல மடங்கு, ஆனால் மிகக் குறைவாகவே தேவைப்படும். தொட்டிக்கு 2 கிராம் அளவை 3 லிட்டர் நீரில் கரைத்து, வெயில் இறங்கிய பின் வேரடியில் ஊற்றி, மேலே சிறிது நல்ல நீரையும் விட்டேன். கரைசல் அடர்சிவப்பாக இருக்கும். ஒளி பட்டால் அதன் ஆற்றல் குறையும் என்பதால் பகலில் ஊற்றக் கூடாது.

ஆவணி முடிவதற்குள் புதிய துளிர்கள் வெண்கல நிறத்தில் வந்து பச்சைக்கு மாறின. பழைய மஞ்சள் இலைகள் கடைசிவரை முழுமையாகத் தேறவில்லை. அவை உதிர்ந்துபோக, செடி புதிய இலைகளால் தன்னை மூடிக்கொண்டது. வலுவான கிளைகளில் இலைகள் இரண்டிரண்டாக இல்லாமல் கணுவுக்கு மூன்றாக வந்தன. வேர் நன்றாகப் பிடித்துவிட்டது என்பதற்கு அதை ஒரு நல்ல அடையாளமாக எடுத்துக்கொண்டேன்.

வெயிலைப் பற்றியும் சொல்ல வேண்டும், அதை முழுவதுமாக விடுதலை செய்துவிட முடியாது. காலை வெயிலும், 11 மணிக்குமேல் நிழலும் கிடைக்கும் கிழக்குப் பக்கம்தான் இதற்கு ஏற்றது. சத்துவாச்சாரியில் பின்னால் நிற்கும் பாறைக்குன்று பகலெல்லாம் வாங்கிய வெப்பத்தை முன்னிரவுவரை உமிழ்ந்துகொண்டிருக்கும். கத்திரி நாள்களில் 50 விழுக்காடு நிழல்வலை கட்டாமல் இருக்க முடியாது. அந்த வாரங்களில் மொட்டுகள் உதிரத்தான் செய்கின்றன. பூ உதிர்ந்த பின்னும் செம்பழுப்பு நிறப் புல்லிகள் விண்மீன் வடிவில் கிளையிலேயே நீண்ட நாள் நிற்பதால் செடி வெறிச்சோடித் தெரிவதில்லை. எங்கள் தட்பவெப்பத்தில் இச்செடியின் உண்மையான அழகு அந்தப் புல்லிவட்டம்தான் என்பது என் கருத்து. பூவைப் பெரிதாக எதிர்பார்ப்பவர்கள் ஏலகிரியில் வீடு வைத்திருக்க வேண்டும். பூச்சிகளில் அசுவினியும் மாவுப்பூச்சியும் எப்போதாவது வந்தன. கோடையில் சிவப்புச் சிலந்திப் பேன் சற்றுத் தொல்லை. இலையின் அடிப்பக்கம் படும்படி நீரைப் பீய்ச்சியடித்ததே போதுமானதாக இருந்தது.

கவாத்து தை மாதத்தில். இச்செடி அந்தப் பருவத்துத் துளிரில்தான் பூக்கும் என்பதால், துளிர்க்கும் காலத்துக்கு முன்பே வெட்டிவிட வேண்டும். வேலிச் செடியைப்போல் மேலே சமமாகக் கத்தரித்தால் வளைந்து தொங்கும் இயல்பு கெட்டு, நுனிப் பூக்களும் போய், துடைப்பக்கட்டையாக நிற்கும். முதிர்ந்த தண்டுகளில் மூன்றில் ஒன்றை மட்டும் தரைமட்டத்தில் அறுத்து எடுத்தால் அடியிலிருந்து புதிய தண்டுகள் கிளம்பும். ஆடியில் வெட்டிய கிளைகளையும் வீணாக்கவில்லை. 10 செ.மீ. நீளத்தில், பாதி முற்றிய குச்சிகளாக நறுக்கி, கீழ் இலைகளை நீக்கி, மணலும் நார்க்கழிவும் கலந்த தட்டில் ஊன்றிப் பாலித்தீன் உறையால் மூடிவைத்தேன். ஊற்றியது மழைநீர் மட்டுமே. ஒரு மாதத்துக்குச் சற்று மேலாயிற்று. பெரும்பாலான குச்சிகள் வேர்விட்டன.

தரையில் நின்ற மூன்றாவது செடிதான் வழிக்கு வரவில்லை. சுற்றுச்சுவரைக் கட்டியபோது கொட்டிய கலவைக் கழிவு அடியில் புதைந்திருக்கிறது. எந்த ஆழத்தில் மண்ணை எடுத்து வினிகர் விட்டாலும் பொங்குகிறது. அப்படிச் சுண்ணாம்பு கட்டற்றுக் கிடக்கும் மண்ணில் கந்தகம் எவ்வளவு போட்டாலும் உருவாகும் அமிலத்தைச் சுண்ணாம்பு விழுங்கிவிடும். இ.டி.டி.ஹெச்.ஏ. ஊற்றினால் சில வாரம் பச்சை காட்டும், மீண்டும் மஞ்சளுக்குத் திரும்பும். ஆண்டு முழுவதும் அந்த விலையில் இரும்பு வாங்கி ஊற்றுவதில் பொருளில்லை. தையில் அதைத் தோண்டி எடுத்து, அதே கலவையில் மூன்றாவது மண்தொட்டிக்கு மாற்றிவிட்டேன். சுவரோரக் குழியில் அக்கா செவ்வரளியை வைத்திருக்கிறார். அதற்கு ஆழ்துளைக் கிணற்று நீரே போகிறது.